மூன்றாவது சீட்டு

“இந்த லிஃப்டை எப்பங்க சரி பண்ணுவாங்க?” என்று நான் கேட்டேன்.

“நான் போய்ச் சேர்ந்த அப்பறம்,” என்றார் அவர். “என்னைக் கீழ இறக்க எப்படியும் அவங்களுக்கு லிஃப்ட் வேணுமில்ல?”

எங்கள் கட்டடத்துக்கு ஐந்து மாடி. மூன்றாவதில் நான் வேலை பார்க்கும் கலைச்சொல் அகராதி அலுவலகம். ஐந்தாவதில் அவருடைய தாவர வேதியியல் ஆய்வகம். நாலாவது மாடித் திருப்பத்தில் அகலமான ஜன்னல் மேடை ஒன்று உண்டு. மூச்சு வாங்குகிறவர்கள் அதில் உட்கார்ந்து காற்று வாங்குவதாகக் காட்டிக்கொள்வார்கள். அன்று மதியம் அவர் சாப்பிட்டுவிட்டு ஏறிக்கொண்டிருந்தார். நான் ஒரு சொற்பட்டியலை எடுத்துக்கொண்டு ஏறிக்கொண்டிருந்தேன். இரண்டு பேரும் அதில் உட்கார்ந்தோம். நடுவில் பட்டியல் உட்கார்ந்தது.

அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். “என் வார்த்தை உங்க அகராதில ஏறட்டும். ஏறின அன்னிக்கு உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்.”

“இப்பவே கேளுங்களேன்.”

“இல்லங்க. இப்பக் கேட்டா நீங்க தப்பா எடுத்துப்பீங்க.”

அவருடைய காது இரண்டும் சிவந்திருந்தன. நான் பட்டியலை எடுத்துக்கொண்டு ஐந்தாவது மாடிக்குப் போவதற்குப் பதில் கீழே இறங்கித் தெருவுக்கே வந்துவிட்டேன். எதற்கு வந்தேன் என்று தெரியாமல் எதிர்க்கடையில் இரண்டு சோப்பு வாங்கினேன். இரண்டும் துணி சோப்பு. அப்போது எனக்கு முப்பத்தைந்து வயது. இது நடந்து ஆறு வருஷமும் பத்து மாதமும் ஆகின்றன.

விசாரணை அதிகாரியிடம் நான் இதைத்தான் முதலில் சொன்னேன். அவர் நல்ல மனிதர், அவசரப்படாதவர். “லிஃப்டுக்கும் இந்தக் கேசுக்கும் என்னம்மா சம்பந்தம்?” என்றார். எல்லாச் சம்பந்தமும் இருக்கிறது என்று சொன்னேன். அவர் நாற்காலியைக் கொஞ்சம் பின்னுக்குத் தள்ளி வசதியாக உட்கார்ந்தார். ஓரத்தில் ஒரு பெண் காவலர் நான் சொல்வதைக் கணினியில் தட்டிக்கொண்டிருந்தார். சுவரில் ஒரு கடிகாரம். மணி இரண்டு பத்து. என் கைக்கடிகாரத்தோடு ஒத்துப் பார்த்தேன், நாலு நிமிடம் வேகம். அதாவது மாலை ஐந்துக்குள் அந்த அதிகாரி ஒரே ஒரு வார்த்தையைத் தானாகச் சொல்ல வேண்டும், அதற்கு எனக்கு இருந்தது இரண்டு மணி ஐம்பத்து நாலு நிமிடம். நான் அந்த வார்த்தைக்காகத்தான் அங்கே அவ்வளவு அமைதியாக உட்கார்ந்திருந்தேன். குற்றத்தை ஒப்புக்கொள்வது அதோடு ஒப்பிட்டால் சின்ன வேலை.

எங்கள் அலுவலகம் எப்படி நடக்கிறது என்று சொன்னால்தான் மற்றது புரியும். நான் அங்கே சீட்டு எழுதுகிறவள். அக்காவின் வீட்டுக்காரர், அதாவது என் அத்தான், என்னைச் சீட்டுக்காரி என்றுதான் கூப்பிடுவார். தெருவில் பாதிப் பேர் நான் எங்கோ ஏலச்சீட்டு நடத்துவதாக நினைத்து மரியாதை கொடுத்தார்கள். உண்மையில் அது உள்ளங்கை அகலக் காகிதம். புதிய அறிவியல் சொல் ஒன்று எங்கேயாவது அச்சிலோ அரசு ஆவணத்திலோ வந்தால், அந்த வரியை எழுதி, யார், எங்கே, என்றைக்கு என்று குறித்து, தேதி முத்திரை போட்டு இழுப்பறையில் அடுக்குவேன். ஒரு சொல்லுக்கு மூன்று சீட்டு சேர்ந்தால் அது அகராதிக்குள் போகும்.

மூன்று சீட்டும் மூன்று பேருடையதாக இருக்க வேண்டும். அந்த மூன்று பேரும் சொல்லை உண்டாக்கியவருக்கோ எங்கள் அலுவலகத்துக்கோ வேண்டியவர்களாக இருக்கக் கூடாது. விளக்கம் சொல்வதற்காக எடுத்துக்காட்டியது செல்லாது, வேறு வழியில்லாமல், தேவைப்பட்டுச் சொல்லியிருக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, கேட்டு வாங்கிய சீட்டு செல்லவே செல்லாது. எங்கள் மேலாசிரியர் அம்மா இதைத் திங்கட்கிழமைதோறும் சொல்வார். “ஒருத்தரைப் போய், இந்த வார்த்தையைக் கொஞ்சம் சொல்லுங்களேன்னு கேட்டீங்கன்னா, அது வார்த்தை இல்ல, சிபாரிசு.” சொல்லைப் பதிந்த நாளிலிருந்து ஏழு வருஷத்துக்குள் மூன்று சேராவிட்டால் அவரே அந்தச் சீட்டை நாலாகக் கிழித்துக் கூடையில் போடுவார். கிழித்த சொல் மறுபடி உள்ளே வர முடியாது.

ஆய்வகக்காரர் உண்டாக்கிய சொல் புண்விளைமம். நான் அதற்கு எழுதிய பொருள் இது: செடி நலமாக இருக்கையில் அதனுள் இல்லாதது, நோயோ காயமோ பட்டபின், பட்ட இடத்தில் மட்டும், செடி தானே ஆக்கிக்கொள்ளும் காப்புப் பொருள். இந்த இரண்டு வரிக்குப் பத்தொன்பது தடவை திருத்தம் போட்டேன். கல்யாணப் பத்திரிகைக்குக்கூட யாரும் இவ்வளவு அடித்துத் திருத்த மாட்டார்கள் என்று எங்கள் தட்டச்சர் சொன்னார். அவருக்கு ஏதோ தெரிந்திருக்கிறது என்று எனக்கு இரண்டு நாள் வெட்கமாக இருந்தது. இன்னொருவர், பெயரைக் கேட்டால் சேற்றுப்புண் களிம்பு மாதிரி இருக்கிறது என்றார். அவரோடு நான் இன்றுவரை பேசுவதில்லை.

எவ்வளவு அழகான பொருள் என்று பாருங்கள். முன்பே சேர்த்து வைத்திருக்கும் விஷம் வேறு, அது எத்தனையோ செடிகளில் உண்டு. இது அப்படியல்ல. அடி படும்வரை அந்தச் செடி ஒரு பாவமும் அறியாதது. அதிகாரியிடம் இதைச் சொன்னபோது அவர் தலையாட்டினார். “சரி, அந்தச் சமாச்சாரம் கிழங்குல எப்படி வந்தது?” என்றார். சமாச்சாரம் என்றார். பரவாயில்லை, முதல் தடவைதானே என்று நினைத்துக்கொண்டேன்.

ஆய்வகச் சாவியைப் பற்றி அதிகாரி துருவித் துருவிக் கேட்டார். அதில் ஒளிக்க என்ன இருக்கிறது. ஜன்னல் மேடைப் பேச்சுக்கு ஒரு மாதம் முன்னால், ஆய்வகக்காரரின் அம்மாவுக்கு அறுவை சிகிச்சை. இரண்டு வாரம் அவர் ஊரில் இல்லை. “செடிங்களைக் கொஞ்சம் பாத்துக்கோங்க” என்று சாவியை என் கையில் கொடுத்தார். ஒரு ஆண்பிள்ளை ஒரு பெண்ணிடம் சாவியைக் கொடுப்பதற்கு என்ன அர்த்தம் என்று எந்த அகராதியையும் புரட்ட வேண்டியதில்லை. நான் அதற்குச் சிவப்பு ரிப்பன் கட்டிக் கைப்பையின் உள்ளறையில் வைத்தேன். திரும்பி வந்தபின் அவர் அடிக்கடி மூன்றாவது மாடிக்கு வர ஆரம்பித்தார். என் மேஜைக்கு முன்னால் நின்று, பேனாவை எடுப்பார், வைப்பார்.

“அந்தச் சாவி...” என்பார்.

“பத்திரமா என்கிட்டயே இருக்கு. நீங்க கவலையே படாதீங்க.”

“இல்ல, அதுக்கில்ல. பத்திரமா இருந்தா சரிதான்.”

இன்னும் கொஞ்ச நேரம் நிற்பார், பிறகு போய்விடுவார். ஏழு வருஷத்தில் இந்தப் பேச்சு எங்களுக்குள் நாற்பது தடவையாவது நடந்திருக்கும். ஒவ்வொரு தடவையும் எனக்குத் தலை கிறுகிறுக்கும். சாவியைச் சாக்கு வைத்து என்னைப் பார்க்க வருகிறார் என்பதைப் புரிந்துகொள்ள முடியாத அளவுக்கு நான் மக்கு இல்லை.

ஐந்து வருஷம் நியாயமாகக் காத்திருந்தேன். ஒரு சீட்டுகூட வரவில்லை. ஆறாவது வருஷம் மேலாசிரியர் அம்மா இழுப்பறையைத் திறந்து பார்த்து, “இது தேறாது போலிருக்கே” என்றார். அன்றைக்குத்தான் எனக்கு ஒரு விஷயம் உறைத்தது. அந்தச் சொல்லை யாரும் சொல்லாததற்குக் காரணம் அது கெட்ட சொல் என்பதல்ல. யாருக்கும் தேவைப்படவில்லை, அவ்வளவுதான். செடிகள் நன்றாக இருந்தால் அந்தச் சொல்லுக்கு எங்கே வேலை? தேவையை உண்டாக்கக் கூடாது என்று எங்கள் விதிகளில் எங்கேயும் இல்லை. ஒரு தடவைக்கு இரண்டு தடவை படித்துப் பார்த்துக்கொண்டேன்.

எனக்குப் பக்கத்து வீட்டில் ஓய்வு பெற்ற ரயில்வே கார்டு ஒருவர் தனியாக இருக்கிறார். கார்டு மாமா என்று கூப்பிடுவேன். பால்கனியில் பெயிண்ட் டப்பாக்களில் பதினோரு தக்காளிச் செடி வைத்திருந்தார். காலையில் விசில் ஊதித்தான் தண்ணீர் விடுவார், பழக்கதோஷம். நான் பால்கனியில் துணி காயப்போடும்போதெல்லாம் அவரோடு பேசுவேன். பேச்சுவாக்கில் அந்தச் சொல்லையும் பேசுவேன். சொல்லுங்கள் என்று கேட்கவில்லை, பேசினேன், அவ்வளவுதான். அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆய்வகத்திலிருந்து நோய் பிடித்த இலை இரண்டைக் கைக்குட்டைக்குள் வைத்துக் கொண்டுவந்தேன். மாமா கடைக்குப் போயிருந்த நேரம் கம்பி வழியாகக் கையை நீட்டினேன். வேலை ஐந்து நிமிடத்தில் முடிந்துவிட்டது.

மூன்று வாரம் கழித்துச் செய்தித்தாளின் தோட்டப் பக்கத்தில் அவருடைய கடிதம் வந்தது. என் செடிகள் இனித் தங்கள் புண்விளைமத்தை நம்பித்தான் பிழைத்தாக வேண்டும், வேறு வழி உண்டா, என்று கேட்டிருந்தார். எவ்வளவு இயல்பான வாக்கியம். அதைச் சீட்டில் எழுதி மை காயும்வரை ஊதிக்கொண்டிருந்தேன். அன்று மாலை நான் நடந்து வீட்டுக்குப் போகவில்லை, மிதந்துதான் போனேன். வழியில் இரண்டு ஐஸ்கிரீம் சாப்பிட்டேன், ஒன்று எனக்கு, ஒன்று அவருக்காக. செடிகள் பதினொன்றும் போய்விட்டன. மாமா இப்போது பால்கனிக் கதவைத் திறப்பதில்லை. விசில் சத்தம் இல்லாததால் காலையில் நான் ஒரு அரை மணி நேரம் கூடுதலாகத் தூங்க முடிந்தது.

இதைச் சொன்னபோது பெண் காவலர் தட்டுவதை நிறுத்தினார். “கார்டு மாமா ஒண்ணும் சொல்லலியா?” என்று கேட்டார். என்ன சொல்வார், அவருக்குத் தெரியாதே என்றேன். அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டு மறுபடி தட்டினார். அதிகாரி, “தக்காளிக்கும் அதே மேட்டர்தானா?” என்றார். மேட்டர். மணி மூன்று ஐந்து.

இரண்டாவது சீட்டுக்கு நான் கொஞ்சம் பெரிதாக யோசிக்க வேண்டியிருந்தது. பால்கனியில் நடந்தால் பால்கனிக்காரருக்குத்தான் தேவை. ஊருக்கே தேவைப்பட வேண்டும் என்றால் வயலுக்குப் போகத்தான் வேண்டும். ஊருக்கு வெளியே சர்க்கரைவள்ளி பயிரிடும் கூட்டுறவுக்காரர்கள் தொண்ணூறு குடும்பம் இருந்தார்கள். பஸ்ஸில் முக்கால் மணி நேரம். சாப்பாட்டு டப்பாவில் என்ன கொண்டுபோனேன், எப்படிச் செய்தேன் என்பதை அதிகாரிக்குத் தனிக் காகிதத்தில் எழுதிக் கொடுத்துவிட்டேன், இங்கே வேண்டாம். ஆறு ஞாயிற்றுக்கிழமை போய்வந்தேன் என்பது மட்டும் போதும். அந்த வரப்புகளில் நடந்தபோது நான் எவ்வளவு சந்தோஷமாக இருந்தேன் தெரியுமா. காற்று, வெயில், கையில் டப்பா. யாரோ என்னைப் பிக்னிக் கூட்டிக்கொண்டு போவது மாதிரி இருந்தது. வயலில் வேலை செய்த ஒரு அம்மா என்னைக் கூப்பிட்டுத் தண்ணீர் கொடுத்து, “யாரைத் தேடி வந்தே கண்ணு?” என்றார். யாரையும் இல்லை, சும்மா காலாற நடக்கிறேன் என்றேன். “முகத்துல கல்யாணக் களை தெரியுது” என்று சிரித்தார். முன்பின் தெரியாதவருக்கே தெரிந்திருக்கிறது.

அந்தப் பருவத்துக் கிழங்கு முழுக்கக் கறுத்துப்போனது. கூட்டம் போட்டார்கள். வேளாண்மை அலுவலர் மேடையில் பேசினார். அவர் தோட்டப் பக்கத்தைத் தவறாமல் படிக்கிறவர் என்று பிறகு தெரிந்தது. கிழங்கில் புண்விளைமம் ஏறியிருக்கிறது, மனிதர் மட்டுமல்ல, மாடும் தின்னக் கூடாது, மூச்சை அடைத்துவிடும் என்றார். மறுநாள் பத்திரிகையில் அப்படியே வந்தது. இரண்டாவது சீட்டு. அந்தத் தொண்ணூறில் இருபத்திரண்டு குடும்பம் வீட்டைப் பூட்டிக்கொண்டு வேறு ஊருக்குப் போய்விட்டதாகச் சொன்னார்கள். புது ஊர், புது மனிதர்கள். அதுவும் ஒருவகையில் மனதுக்கு நல்லதுதான்.

நான் அன்றே ஐந்தாவது மாடிக்கு ஓடினேன். ஓடினேன் என்றால் நிஜமாகவே ஓடினேன், ஜன்னல் மேடையில் உட்காரக்கூட இல்லை. “ரெண்டு ஆச்சு” என்றேன். அவர் முகம் மலர்ந்தது. “இன்னும் ஒண்ணா? அப்பாடா” என்றார். அப்பாடா என்று சொல்கிற ஆணுக்கு எவ்வளவு ஆசை இருந்திருக்க வேண்டும்.

மாடும் தின்னக் கூடாது என்று அலுவலர் சொன்னது என் காதிலேயே நின்றது. அக்காவும் அத்தானும் அடுத்த தெருவில் இருக்கிறார்கள். வீட்டுக்குப் பின்னால் கொட்டகையில் ஐந்து பசு. அந்தப் பால்தான் அவர்கள் வீட்டு அடுப்பு. தீனிக்கு ஆகுமே என்று நான் இரண்டு மூட்டைக் கிழங்கு கொண்டுபோய்ப் போட்டேன். நன்றாக இருக்கும் பகுதி மேலே, மற்றது அடியில். கொழுந்தியாள் இவ்வளவு பொறுப்பாக இருக்கிறாளே என்று அத்தானுக்குப் பெருமை. நாலு நாளில் மூன்று பசு மூச்சுக்குத் திணறிச் செத்தன. அத்தான் கொட்டகை வாசலில் உட்கார்ந்து ஒவ்வொன்றையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். அக்கா என் தோளில் சாய்ந்து அழுதாள். நான் அவள் முதுகைத் தடவிக்கொண்டே கால்நடை மருத்துவரின் பேனாவைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவரோடு முக்கால் மணி நேரம் பேசியிருந்தேன், அந்தச் சொல்லைப் பேச்சில் ஏழு தடவை விட்டிருந்தேன். அவர் எழுதியது, நச்சுத் தீவனம். இரண்டே வார்த்தை. கையெழுத்தும் கோழி கிறுக்கியது மாதிரி.

அதிகாரி இந்த இடத்தில் எழுந்துபோய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தார். உட்கார்ந்ததும் மேஜைமேல் இருந்த பிளாஸ்டிக் உறையை என் பக்கம் நகர்த்தினார். உள்ளே என்னுடைய சீட்டு.

இந்தச் சீட்டால்தான் நான் அகப்பட்டேன். சீட்டு எழுதுகிறவர்கள் எல்லோருக்கும் ஒரு பழக்கம் உண்டு. முத்திரை மை காய நேரம் எடுக்கும் என்பதால் முதலில் தேதி முத்திரையைக் குத்தி வைத்துவிடுவோம், வரியைப் பிறகு எழுதுவோம். பதினெட்டு வருஷப் பழக்கம், கை தானாகச் செய்யும். நான் முத்திரை குத்தி, மேலே புண்விளைமம் என்று எழுதி, யார் சொன்னது என்ற இடத்தில், மருத்துவர், இறப்பு அறிக்கை என்று எழுதி, வரிக்கு இடம் விட்டுத் தட்டில் வைத்திருந்தேன். மேலாசிரியர் அம்மா மேற்பார்வைக்கு எடுத்தபோது தேதியைப் பார்த்தார். முத்திரை திங்கட்கிழமை. அத்தான் இறந்தது வியாழக்கிழமை.

ஆமாம், அத்தான். மனிதருக்குப் பார்க்கும் மருத்துவர்கள் கால்நடை மருத்துவர்களைவிடச் சொற்களில் கவனமாக இருப்பார்கள் என்று நம்பினேன். அத்தானைத் தேர்ந்தெடுத்ததில் கோபதாபம் எதுவும் இல்லை. நான் எதைக் கொடுத்தாலும் என்ன ஏது என்று கேட்காமல் சாப்பிடுகிற ஒரே மனிதர் அவர்தான். வேகவைத்து, தோல் உரித்து, டப்பாவில் எடுத்துக்கொண்டு போனேன். அவர் கொட்டகையில் மிச்சமிருந்த இரண்டு பசுவுக்குத் தவிடு கலக்கிக்கொண்டிருந்தார். கையைக் கழுவிக்கொண்டு வந்து ஒரு துண்டை வாயில் போட்டார்.

“கொஞ்சம் கசக்குதே, சீட்டுக்காரி. ஆபீஸ் வார்த்தை ஏதாவது கலந்துட்டியா?”

“ஒண்ணே ஒண்ணுதான் அத்தான்.”

அவர் விழுந்து விழுந்து சிரித்தார். நானும் சிரித்தேன். எனக்கு அன்று எதைப் பார்த்தாலும் சிரிப்பாக வந்தது. அக்காவுக்கும் கொடு என்றார். அவளுக்கு வேண்டாம், உங்களுக்குத்தான் செய்தேன் என்று டப்பாவைக் காலி செய்யவைத்தேன். அக்காவுக்கு நான் எந்தத் தீங்கும் நினைத்ததில்லை என்பதை இங்கே பதிவு செய்ய வேண்டும் என்றேன். பெண் காவலர் பதிவு செய்தார்.

மருத்துவர் எழுதியது, மூச்சுத் திணறலால் மரணம். மனிதர் நல்லவர்தான், ஆனால் சொல்வளம் போதாது.

மணி நாலு பத்து. அக்கா காலையிலிருந்து வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறாள் என்று பெண் காவலர் சொன்னார். அவளுக்கு இன்னும் யாரும் சொல்லவில்லை. ஏதோ அலுவலகத் தகராறில் என்னைக் கூட்டிவந்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாளாம். என் மூக்குக் கண்ணாடியைக் கொடுத்தனுப்பியிருந்தாள். “அது இல்லாம அவளுக்கு ஒரு எழுத்து தெரியாது, சாப்பிட்டாளான்னும் கேட்டுச் சொல்லுங்க” என்றாளாம். கண்ணாடியைப் போட்டுக்கொண்டேன். கடிகாரம் இன்னும் தெளிவாகத் தெரிந்தது.

பக்கத்து அறையில் மேலாசிரியர் அம்மா சாட்சி சொல்ல வந்து உட்கார்ந்திருந்தார். அவருடைய கைப்பையில் இழுப்பறையிலிருந்து எடுத்த முதல் இரண்டு சீட்டும் இருந்தன. இன்று மாலை ஐந்தோடு ஏழு வருஷம் முடிகிறது. அவர் நேரம் தவறாதவர், எங்கே இருந்தாலும் ஐந்து மணிக்குக் கிழித்துவிடுவார். ஆனால் அதற்கு முன் இந்த அதிகாரி ஒரே ஒரு தடவை, அரசாங்க அறிக்கையில், தேவைப்பட்டு, தானாக அதைச் சொல்லிவிட்டால் போதும். அவர் யாருக்கும் வேண்டியவர் இல்லை. இதைவிட நல்ல மூன்றாவது ஆள் கிடைக்க மாட்டார். அவருக்குத் தேவையும் இருந்தது, அதை நானே உண்டாக்கிக் கொடுத்திருந்தேன். நான் கேட்கக் கூடாது, அவ்வளவுதான். என் வாழ்க்கையில் நான் யாரையும் எதையும் கேட்டதில்லை. அது ஒன்றுதான் எனக்குப் பெருமை.

“உங்க ஆய்வகக்காரரை நேத்து விசாரிச்சோம்,” என்றார் அதிகாரி.

சாப்பிட்டாரா என்று கேட்கத் தோன்றியது, கேட்கவில்லை.

“உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்னு சொன்னாரில்ல, அது என்னன்னு நான் கேட்டேன்.” அவர் என் முகத்தைப் பார்க்காமல் மேஜைக் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டு சொன்னார். “சாவியைத் திருப்பிக் கேக்கணும்னு இருந்தாராம்மா. ஏழு வருஷமா. கேட்டா உங்க மனசு நொந்து அந்தச் சீட்டை எங்கயாவது போட்டுடுவீங்களோன்னு பயமாம். வார்த்தை உள்ள போனப்பறம் கேக்கலாம்னு இருந்திருக்கார்.”

“பூட்டை மாத்தியிருக்கலாமே,” என்றேன்.

“நானும் அதைத்தான் கேட்டேன். அதுக்கு மூணு பேர்கிட்ட கையெழுத்து வாங்கணுமாம். கூச்சமா இருந்துச்சாம்.”

பெண் காவலர் கணினிக்குப் பின்னால் தலையைக் குனிந்துகொண்டார். சிரித்தாரா, வேறெதுவுமா என்று தெரியவில்லை. எனக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். பாவம், அவர் அப்படித்தான். போலீஸ்காரர் முன்னால் உட்கார்ந்துகொண்டு, அந்தப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொள்ள ஆசைப்பட்டேன் என்று எந்த ஆண்பிள்ளை சொல்வான்? பழையபடி சாவியைச் சாக்கு வைத்திருக்கிறார். அதிகாரிக்கு அவருடைய கூச்ச சுபாவம் தெரியாது, எனக்குத் தெரியும். சொல் ஏறட்டும், அப்புறம் தெரியும் யார் எதைக் கேட்கிறார்கள் என்று.

நாலு நாற்பது. அதிகாரி அறிக்கையைச் சொல்ல ஆரம்பித்தார், பெண் காவலர் தட்டினார். மேற்படி பெண், மேற்படி வயலில், மேற்படி நோயை என்று நிதானமாகப் போனார். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தேன். அவர் எனக்கு வேண்டிய இடத்துக்கு நேராக வந்துகொண்டிருந்தார். அத்தான், டப்பா, கிழங்கு.

“இறந்தவர் சாப்பிட்ட கிழங்கில்,” என்றார், “அது நோய்வாய்ப்பட்ட பிறகு அதுக்குள்ள உண்டாகிற...” நின்றார். விரலைச் சொடுக்கினார். கூரையைப் பார்த்தார். அவருக்குத் தேவைப்பட்டது. ஏழு வருஷத்தில் ஒரு மனிதருக்கு அந்தச் சொல் அவ்வளவு அப்பட்டமாகத் தேவைப்பட்டதை நான் என் கண்ணால் பார்த்தேன்.

“அதுக்கு என்னமோ ஒரு பேர் சொன்னீங்களேம்மா,” என்று என் பக்கம் திரும்பினார்.

நான் எடுத்துக்கொடுத்தால் செல்லாது. உதட்டைக் கடித்துக்கொண்டேன். கைப்பிடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். நீங்களே யோசியுங்கள், நாக்கு நுனியில்தான் இருக்கிறது, இன்னும் கொஞ்சம், என்று கண்ணாலேயே சொன்னேன். கண்ணால் சொல்வது கேட்பது ஆகாது. கார்டு மாமாவையும் நான் கேட்கவில்லை. வேளாண்மை அலுவலரையும் கேட்கவில்லை. யாரையும் கேட்கவில்லை.

“சரி விடு,” என்றார் அவர் பெண் காவலரிடம். “விஷப்பொருள்னு போடு.”

தட்டும் சத்தம் கேட்டது. சுவர்க் கடிகாரம் ஐந்தைக் காட்டியது. அது நாலு நிமிடம் வேகம். பக்கத்து அறையில் மேலாசிரியர் அம்மா நாற்காலியை நகர்த்தும் சத்தமும், கைப்பை திறக்கும் சத்தமும் கேட்டன. வெளியே பெஞ்சிலிருந்து அக்கா யாரிடமோ, என் தங்கையை எப்போது விடுவீர்கள் என்று விசாரித்துக்கொண்டிருந்தாள்.

நான் எழுந்து நின்றேன். மேஜையின் இந்தப் பக்கத்திலிருந்து அதிகாரியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டேன்.

“ஐயா, ஒரே ஒரு தடவை. விஷம்னு போடாதீங்க, புண்விளைமம்னு போடுங்க. உங்களைக் கெஞ்சிக் கேக்கறேன், நீங்களாவே சொன்னதா போடுங்க. நான் கேட்டேன்னு மட்டும் அந்த அம்மாகிட்டச் சொல்லிடாதீங்க.”